சுவருக்கு அந்தப் பக்கத்துப் பேரி மரம்

1

இந்தக் கதையை நான் எழுத ஆரம்பித்ததே ஒருவர் தலையில் பழியைக் கட்டத்தான். முதல் வரியிலேயே சொல்லிவிடுகிறேன். நீங்கள் பாதி தூரம் வந்து கண்டுபிடித்து, "அட, ஆளு இப்படியா?" என்று தாளை விட்டெறிவதைவிட இப்போதே எறிந்தால் உங்களுக்கு நேரமாவது மிஞ்சும்.

அந்த ஒருவர் என் அண்ணன் வீட்டுக்குப் பக்கத்து வீட்டுக்காரர். பல்செட் செய்பவர். பல் டாக்டர் இல்லை. டாக்டர்கள் எடுத்து அனுப்பும் வாய் அச்சைப் பார்த்து, வீட்டு முன்னறையில் உட்கார்ந்து, செயற்கைப் பற்களை ஒவ்வொன்றாகத் தேய்த்துப் பொருத்துகிற வேலை. தெருவில் எல்லாருக்கும் அவர் பல்செட்காரர். அவர் மனைவிகூட, உயிரோடு இருந்தவரை, கோபம் வந்தால் அப்படித்தான் கூப்பிடுவாராம்.

அண்ணன் வீட்டின் பின்பக்கத்தில் மூன்று பேரி மரங்கள் இருந்தன. பல்செட்காரர் வீட்டில் ஒன்று. நடுவில் ஆள் உயரத்துக்கு ஒரு சுவர். இரண்டு வருடங்களுக்கு முன் அந்த நான்கில் மூன்று செத்தன. அதே வருடம் அண்ணனும் போனார். நோய் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்துதான் வந்தது என்று என் அண்ணி நம்புகிறார். அன்றிலிருந்து பல்செட்காரரோடு அவருக்குப் பேச்சுவார்த்தை கிடையாது.

அது உண்மை இல்லை. உண்மை இல்லை என்று தெரிந்தவன் நான் ஒருவன்தான். [ஒருவன்தான் என்று எழுதிவிட்டேன். இன்னொருவருக்கும் தெரிந்திருந்தது. அதற்கு ஆறாம் பகுதிவரை பொறுத்துக்கொள்ளுங்கள். எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை.]

வருகிற சனிக்கிழமை பல்செட்காரர் வீட்டைக் காலிசெய்துகொண்டு மகளிடம் போகிறார். கண் மங்கிவிட்டது, இனிமேல் பல் பொருத்த முடியாது. அவர் போவதற்குள் அண்ணியிடம் உண்மையைச் சொல்லியாக வேண்டும். வாயால் சொல்ல எனக்கு வரவில்லை. இரண்டு வருடமாக முயன்று பார்த்தேன். காபியைக் குடித்துவிட்டுத் திரும்பி வந்ததுதான் மிச்சம். எழுத்தில் சொல்லிவிடலாம், ஏனென்றால் நான் எழுதும் எதையும் முதலில் படிப்பவர் அண்ணிதான். அச்சகத்தில் இருபத்திரண்டு வருடமாகப் புரூஃப் பார்க்கிறார். என் எழுத்தில் ஒற்று விடுபடாமல் இருப்பதற்கு நான் காரணம் இல்லை.

ஆகவே, வாசகரே, உங்களைப் பார்த்துப் பேசுவதுபோல எழுதினாலும் உங்களுக்கு முன்னால் இன்னொருவர் சிவப்புப் பேனாவோடு உட்கார்ந்திருக்கிறார். இன்று செவ்வாய்.

2

இந்தக் கதைக்கு இதுவரை பதினோரு தொடக்கங்கள் எழுதியாயிற்று. மூன்றை மட்டும் காட்டுகிறேன். மற்றவை வெளியே காட்டுகிற நிலையில் இல்லை.

தொடக்கம் ஒன்று: "குளிர் முடிந்து, பேரி மரங்களில் வெள்ளை வெள்ளையாகப் பூத்து, தோட்டமே மணக்க—"

[இங்கேயே நிறுத்தினேன். பேரிப் பூவுக்கு நல்ல மணம் கிடையாது. கிட்டப் போனால் மீன் கூடை ஞாபகம் வரும். முதல் வரியிலேயே இவ்வளவு பொய் தாங்காது.]

தொடக்கம் இரண்டு: "என் அண்ணன் லிஃப்ட் மெக்கானிக். தேய்ந்துபோன இரும்புக் கயிற்றை வேலையிடத்தில் கழித்துப் போடும்போது வீட்டுக்குக் கொண்டுவந்தார். இழை இழையாகப் பிரித்துப் பின்சுவரில் மூன்று வரிசையாக இழுத்துக் கட்டினார். பேரிக் கன்றுகளைச் சுவரை ஒட்டி நட்டு, கிளை வர வர இடமும் வலமுமாக வளைத்து, பழைய படுக்கை விரிப்பைக் கிழித்த பட்டைகளால் அந்தக் கம்பியில் கட்டினார். மரங்கள் சுவரில் முதுகைச் சாய்த்துக் கையை விரித்துக்கொண்டு நிற்கும். 'பத்து மாடி ஏத்தி இறக்குன கம்பிடா. பேரிக்காய்க்கு அறுந்துருமா?' என்பார்."

[இதையே வைத்துக்கொள்ளலாம் என்றிருந்தேன். அண்ணனைப் பற்றி இவ்வளவு நன்றாக எழுதிவிட்டால் அடுத்த பக்கத்தில் நான் செய்ததை எழுதக் கை வராது. ஆனாலும் வெட்டவும் மனம் இல்லை.]

இந்த இடத்தில் ஒரு அடிக்குறிப்பு தேவை, அடியில் போட்டால் யாரும் படிக்க மாட்டீர்கள் என்பதால் இங்கேயே தருகிறேன்.

* பேரி மரம் தன் மகரந்தத்தில் தானே காய்க்காது. வேறு ரகத்து மரம் ஒன்று பக்கத்தில் அதே சமயத்தில் பூத்திருக்க வேண்டும். அண்ணன் வைத்த மூன்றும் ஒரே தாய்மரத்து ஒட்டு. ஆக, அந்த மூன்றும் காய்த்தது சுவருக்கு அந்தப் பக்கத்துக் கிழட்டு மரத்தின் தயவில்தான். தேனீ வராத குளிர் வருடங்களில் அண்ணன் இந்தப் பக்கம் ஏணி போடுவார், பல்செட்காரர் அந்தப் பக்கம். செயற்கை ஈறுக்குச் சாயம் பூசுகிற சின்னத் தூரிகையைத் தன் மரத்துப் பூக்களில் ஒற்றி, சுவருக்கு மேலாகக் கையை நீட்டி, அண்ணன் மரத்துப் பூக்களில் ஒன்றுவிடாமல் தொட்டு வைப்பார்.

"மெதுவா, மெதுவா. அது பூவு, பல்லு இல்ல" என்பார் அண்ணன்.

"பல்லா இருந்தா உங்களை இவ்வளவு நேரம் பேச விட்டிருப்பேனா? வாயைத் திறந்தே வைங்கன்னு சொல்லியிருப்பேன்."

பதினேழு வருடம் இந்த மாதிரி சுவரின் இரண்டு பக்கமும் நின்று பேசியிருக்கிறார்கள். அண்ணி கீழே நின்று இரண்டு பேரையும் இறங்கச் சொல்லிச் சத்தம் போடுவார். யாரும் இறங்க மாட்டார்கள்.

தொடக்கம் மூன்று: "அண்ணன் விழுந்தது வேலையிடத்தில் இல்லை. சமையலறையில், கையில் தட்டோடு. வலது பக்கம் முழுக்கப் போய்விட்டது. பேச்சும் போய்விட்டது. எழுதிக் காட்டச் சொன்னால் அதுவும் வரவில்லை. வார்த்தை உண்டாகிற இடத்திலேயே அடி என்றார் டாக்டர். இடது கை மட்டும் மிஞ்சியது. பின்னறை ஜன்னலோரம் கட்டிலைப் போட்டோம், மரங்களாவது தெரியட்டும் என்று. அந்த யோசனை என்னுடையது. நான் செய்ததை அவர் வசதியாகப் பார்ப்பதற்கு நானே இடம் போட்டுக் கொடுத்த—"

[வெட்டினேன். இது மூன்றாம் தொடக்கத்திலேயே ஆறாம் பகுதிக்கு ஓடப் பார்க்கிறது.]

3

போன மாதம் ஒரு பிரதியை முழுதாக முடித்து அண்ணியிடம் கொடுத்தேன். சுத்தமான கதை. அதில் நான் இல்லை, அண்ணியும் இல்லை. அண்ணனும் பல்செட்காரரும் மட்டும். பல்செட்காரருக்கு வேறு தொழில் கொடுத்திருக்கலாம். சோம்பல். அவர் கைவேலை எனக்கு நன்றாகத் தெரியும், இன்னொரு தொழிலைப் போய்ப் பார்த்து எழுத வேண்டுமே என்று விட்டுவிட்டேன். அந்தச் சோம்பல்தான் என்னைக் காட்டிக்கொடுத்தது.

அதில் முக்கியமான வரிகள் இவை: "தன் மரத்தில் நோய் பட்ட கிளையை வெட்டினார். அதே கத்தரியோடு ஏணியில் ஏறி, பக்கத்து வீட்டுக்காரர் படுத்துக் கிடக்கிறாரே, நாம் உதவுவோம் என்று, அவருடைய மரத்துக் கிளைகளையும் கவாத்து செய்தார். கத்தரியைத் துடைக்கவில்லை."

பேரிக்கு வருகிற அந்த நோயைத் தீக்கருகல் என்பார்கள். பூவும் துளிரும் தீயில் வாட்டியதுபோலக் கறுத்து, நுனி கொக்கிபோல வளைந்துகொள்ளும். இலை உதிராது, கறுப்பாகத் தொங்கிக்கொண்டே இருக்கும். அது கிருமி. பழைய புண்ணிலிருந்து தேன்போலக் கசியும். அதை வெட்டிய கத்தரியில் ஒட்டிக்கொண்டு அடுத்த மரத்துக்குப் போகும். அதனால் ஒவ்வொரு வெட்டுக்கும் நடுவே கத்தரியை ஸ்பிரிட்டில் துடைக்க வேண்டும். மரத்துக்கு மரம் இல்லை, வெட்டுக்கு வெட்டு.

இரண்டு நாளில் பிரதி திரும்பி வந்தது. பதினான்கு எழுத்துப்பிழைகள், மூன்று சந்திப்பிழைகள். நான் மேலே எடுத்துக் காட்டிய கடைசி வரிக்கு எதிரே, ஓரத்தில், சிவப்பு மையில்: "இவர் துடைக்காமல் வெட்டுவாரா? பார்க்கவும்."

இரண்டு வருடமாக அந்த ஆளின் பேச்சை எடுத்தாலே எழுந்து உள்ளே போய்விடுகிற அண்ணி எழுதிய வரி இது.  சமையலறை மேசையில் அவருக்கு எதிரே உட்கார்ந்து கேட்டேன்.

"அண்ணி, இது என்ன கேள்வி?"

"கேள்விதான். பொழுதன்னிக்கும் கருவியை ஸ்பிரிட்ல துடைக்கிற ஆளுன்னு ரெண்டாம் பக்கத்துல எழுதியிருக்க. அஞ்சாம் பக்கத்துல துடைக்கலைங்கற. ரெண்டுல ஒண்ணை மாத்து."

"அவசரத்துல மறந்திருக்கலாமே."

"மறந்திருக்கலாம். அப்ப ஏன் மறந்தார்னு எழுது. சும்மா துடைக்கலைன்னு சொன்னா படிக்கிறவங்க ஒத்துக்க மாட்டாங்க."

"நீங்க ஒத்துக்கறீங்களா?"

அண்ணி பேனாவுக்கு மூடி போட்டார். "நான் இதுல புரூஃப் பாக்கறேன். ஒத்துக்கறது வேற வேலை."

நான் என் பேனாவை எடுத்து, அந்தச் சிவப்பு வரிக்குப் பக்கத்தில், "இருக்கட்டும்" என்று எழுதினேன். புரூஃப் பார்ப்பவரின் கேள்விக்கு எழுதியவன் இப்படிப் போட்டுவிட்டால் அதற்குமேல் கேட்கக் கூடாது. அச்சகத்தில் அதுதான் முறை. அண்ணி கேட்கவில்லை. தாள்களை நேராக அடுக்கி, கிளிப் போட்டு, என் பக்கம் தள்ளினார்.

வாய் கூசாமல் பொய் சொல்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். எனக்குக் கைதான் கூசவில்லை.

வீட்டுக்கு வந்து, பல்செட்காரர் ஏன் மறந்தார் என்று எழுத உட்கார்ந்தேன். மனைவி நினைவு வந்தது என்று எழுதினேன். தொலைபேசி அடித்தது என்று எழுதினேன். எதிலும் அவர் மறக்க மறுத்தார். தொலைபேசி அடித்தால், கத்தரியைத் துடைத்து வைத்துவிட்டுத்தான் உள்ளே போனார்.

4

துடைக்காதவன் நான்.

[இந்த வரியை ஒரு தனிப் பகுதியாகவே வைத்து நிறுத்திவிடலாம் என்று தோன்றியது. எழுத்தாளர்களுக்கு இப்படி ஒரு கெட்ட பழக்கம் உண்டு. ஒற்றை வரியைப் போட்டுவிட்டு, விவரம் சொல்லாமல் நழுவிவிடுவோம். விவரம் சொல்கிறேன்.]

ஒரு பத்திரிகையில் வாரா வாரம் வீட்டுத் தோட்டம் பற்றி எழுதுகிறவன் நான். கத்தரியைத் துடைக்கச் சொல்லி மூன்று முறை எழுதியிருக்கிறேன். மூன்றாவது முறை கொஞ்சம் நக்கலாகவே: "பல் துலக்க மறக்காதவர்கள் இதை மட்டும் ஏன் மறக்கிறார்கள்?" என்று. பல்செட்காரர் அதைக் கத்தரித்து முன்னறையில் ஒட்டி வைத்திருந்தார்.

அண்ணன் எப்போதும் கடுங்குளிரில், மரம் உறங்கும்போது கவாத்தை முடித்துவிடுவார். அந்த வருடம் அதற்குள் விழுந்துவிட்டார். ஒரு மாதம் மருத்துவமனைக்கும் வீட்டுக்கும் அலைந்ததில் வேலை தள்ளிப்போய், மொட்டு வெடிக்கிற நேரம் வந்துவிட்டது. அண்ணி கேட்டார், "ஒரு நாள் வந்து வெட்டி விட்டுருப்பா. அவர் ஜன்னல் வழியா அதையே பாத்துக்கிட்டுக் கெடக்கார்."

அன்று காலை என் வீட்டுப் பேரியில் ஒரு கிளையை வெட்டினேன். அதில் குழி விழுந்த பழைய புண் ஒன்று, ஓரத்தில் தேன் நிறத்தில் கசிவு. அது என்ன என்று எனக்குத் தெரியும். தெரிந்துதான் வெட்டினேன். ஸ்பிரிட் பாட்டில் காலியாக இருந்தது. அண்ணன் வீட்டுக்குப் போகிற வழியில் மருந்துக்கடை இருக்கிறது. வாங்கிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். கடையில் கூட்டம். மழை வேறு வரும்போல இருந்தது. ஒரு தடவைதானே என்று, கத்தரியைப் பேண்டில் இரண்டு இழுப்பு இழுத்துவிட்டு, அண்ணனின் மூன்று மரங்களையும் வெட்டினேன். கிளைகளை நன்றாகத்தான் வெட்டினேன். அண்ணனே வெட்டியதுபோல இருந்தது.

மறந்தேன் என்று எழுதினால் அண்ணி ஓரத்தில் கேள்வி போடுவார். மறக்கவில்லை. கடையில் ஆறு பேர் நின்றார்கள், அவ்வளவுதான்.

மூன்று வாரம் வெதுவெதுப்பான மழை. பிறகு பூங்கொத்துகள் கறுத்தன. அண்ணி என்னைக் கூட்டிப்போய்க் காட்டினார்.

"எங்கேருந்துப்பா வந்துச்சு இது? நீதான் பேப்பர்ல எல்லாம் எழுதறியே."

 தலையைத் திருப்பிச் சுவரைப் பார்த்தேன். சுவருக்கு மேலே அந்தக் கிழட்டு மரத்தின் உச்சி தெரிந்தது. அண்ணியும் பார்த்தார். ஒரு வார்த்தைகூடப் பேசாமல் பழியைச் சுவர் தாண்டி அனுப்பிவிட்டேன்.

அதோடு விட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. அந்த வாரக் கட்டுரையில், "தீக்கருகல் பெரும்பாலும் அக்கம்பக்கத்தில் கவனிப்பாரற்று நிற்கும் முதிய மரங்களிலிருந்தே வருகிறது" என்று எழுதினேன். தகவல் சரியானதுதான். அதனால்தான் இன்னும் அசிங்கமாக இருக்கிறது.

5

அண்ணி அந்தக் கட்டுரையைக் கையில் வைத்துக்கொண்டுதான் பல்செட்காரர் வாசலில் போய் நின்றார். அதற்குள் தேனீக்கள் இந்தப் பக்கத்துப் பூவிலிருந்து அந்தப் பக்கத்துப் பூவுக்கு நோயைக் கொண்டுபோயிருந்தன. பல்செட்காரரின் மரத்திலும் கருகல் தெரிய ஆரம்பித்திருந்தது.

"தங்கச்சி, என் மரத்துல போன வாரம்தாம்மா தெரிஞ்சுது. உங்களுதுல அதுக்கு முன்னாடியே..."

"அப்ப எங்க வீட்லேருந்துதான் வந்துச்சுங்கறீங்க. படுத்த படுக்கையா கெடக்கற மனுஷன் ஏணி ஏறி வந்து கொடுத்துட்டுப் போனாராக்கும்?"

"அப்படிச் சொல்லலம்மா. தம்பியைக் கேளுங்க. தம்பிக்குத் தெரியும்."

தம்பி நான். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். நான், "ஆய்வாளரைக் கூப்பிட்டுக் காட்டிடலாமே" என்றேன். பொறுப்பான ஆள் பேசுகிற பேச்சு.

தோட்டக்கலைத் துறையிலிருந்து ஆய்வாளர் அம்மா ஒருவர் வந்தார். சுவரின் இரண்டு பக்கமும் பார்த்தார். அண்ணி நீட்டிய கட்டுரையைப் படித்துவிட்டு, "எழுதினது நீங்களா? நல்லா எழுதியிருக்கீங்க" என்றார். பல்செட்காரரின் மரம் உயரம். அதில் ஏறிக் கருகலை வெட்டிச் சுத்தம் செய்ய முடியாது, அடியோடு எடுத்துவிட வேண்டும் என்று எழுதிக்கொடுத்தார். அண்ணனின் மரங்களில் இரண்டையும் எடுக்கச் சொன்னார். கடைசி மரத்தில் மட்டும், கருகலுக்கு ஒரு அடி கீழே வெட்டினால் பிழைக்கலாம்.

பல்செட்காரர் ஆள் வைக்காமல் தானே வெட்டினார். இரண்டு நாள் ஆயிற்று. முதல் நாள் மாலை தெருவில் என்னை நிறுத்தி, குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "நீங்க எழுதின மாதிரியே ஒவ்வொரு வெட்டுக்கும் ரம்பத்தைத் துடைச்சேன் தம்பி." வேரோடு போகப்போகிற மரத்துக்கு எதற்குத் துடைக்க வேண்டும் என்று நான் கேட்கவில்லை.

[இந்த இடத்தில் அவரைக் கொஞ்சம் கோபக்காரராக எழுதிப் பார்த்தேன். நான்கு வாக்கியம் தாங்கினார். ஐந்தாவதில் மன்னிப்புக் கேட்டுவிட்டார்.]

இனி பல்செட் விஷயம். அண்ணனுக்கு மேல்தாடைப் பல் எல்லாம் செயற்கை. செய்தவர் யாரென்று சொல்லத் தேவையில்லை. வாதம் வந்ததும் வாய் கோணி, செட் உட்காரவில்லை. வாராவாரம் ஞாயிற்றுக்கிழமை பல்செட்காரர் கட்டிலோரம் உட்கார்ந்து, போட்டுப் பார்த்து, எடுத்துப் போய்த் துளி தேய்த்து, திரும்பக் கொண்டுவந்து போடுவார். சண்டை நடந்த அன்று செட் அவருடைய மேசையில் இருந்தது. மறுநாள் டப்பாவில் போட்டுக்கொண்டு வந்து கேட்டருகில் நின்றார். அண்ணி திறக்கவில்லை. அவர் டப்பாவைக் கேட்டின் மேல் வைத்துவிட்டுப் போனார்.

"அந்த ஆளு கை பட்டது எதுவும் இந்த வீட்டுக்குள்ள வரக் கூடாது. கொண்டுபோய்க் கொடுத்துரு."

கொண்டுபோய்க் கொடுத்தேன். வேறு இடத்தில் புதிதாக அளவெடுக்கப் போனபோது அண்ணன் வாயைத் திறக்க மறுத்துவிட்டார். கடைசி மூன்று மாதமும் பல் இல்லாமல், கூழாகக் கரைத்ததைத்தான் விழுங்கினார். பெட்டியில் கிடத்தியபோது கன்னம் உள்ளே போய், யாரோ ஒரு கிழவர் முகமாக இருந்தது. பல்செட்காரர் எதிர்ப் பிளாட்பாரத்தில் நின்று பார்த்துவிட்டுப் போனார். செட்டைச் சட்டைப் பையில் வைத்திருந்தாராம். பிறகு தெருவில் சொன்னார்கள்.

பிழைத்த ஒற்றை மரம் இரண்டு வருடமாகப் பூக்கிறது. சுவருக்கு அந்தப் பக்கம் மரம் இல்லை, அதனால் ஒரு பிஞ்சுகூடப் பிடிக்கவில்லை.

* பேரிக்காயை மரத்திலேயே பழுக்க விட்டால் உள்ளேயிருந்து அழுகும், வெளியே தெரியாது. காயாகப் பறித்து வீட்டுக்குள் வைத்துத்தான் பழுக்க வைக்க வேண்டும். இதை என் மனசுக்கு உவமையாக எழுத எவ்வளவோ ஆசையாக இருக்கிறது. எழுத மாட்டேன். எனக்கு அவ்வளவு அழகான உவமை கொடுக்க வேண்டியதில்லை.

6

புதன் மதியம். இனித் தள்ளிப்போட இடம் இல்லை.

நான் மரம் வெட்டிய அன்று அண்ணன் ஜன்னலில் இருந்தார். கத்தரியை நான் பேண்டில் இழுத்ததைப் பார்த்தார். நிமிர்ந்தபோது அவர் கண் என் கையில் இருந்தது. கண்ணாடியை இடது கையால் தட்டினார். நான் கையசைத்துவிட்டு வெட்டினேன்.

வேலை முடிந்து உள்ளே போனபோது, அண்ணன் இடது கையைத் தூக்கி, கட்டைவிரலால் மற்ற இரண்டு விரலை அழுத்தி நீளமாக இழுத்துக் காட்டினார். திரும்பத் திரும்ப. பிளேடைத் துணியால் துடைக்கிற இழுப்பு. மெக்கானிக்கின் கை, வேறு எதுவாகவும் இருக்க முடியாது. அப்போதுகூட, உடனே வெட்டு வாய்களை ஒரு அடி உள்ளே தள்ளி, சுத்தமான கத்தரியால் மறுபடி வெட்டியிருந்தால் மரங்கள் தப்பித்திருக்கலாம். அதைத்தான் சொன்னார்.

அண்ணி அதைப் பார்த்தார். "என்னங்க, மூஞ்சி தொடைக்கணுமா?" என்றார். வெந்நீரில் துணியை நனைத்துப் பிழிந்து, நெற்றியிலிருந்து தாடைவரை துடைத்துவிட்டார்.

நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றேன். எனக்குப் புரிந்தது. சொல்லவில்லை.

அதன் பிறகு நான் போகும்போதெல்லாம் அண்ணன் அதைச் செய்தார். என்னைப் பார்த்துச் செய்யவில்லை, அண்ணியைப் பார்த்துச் செய்தார். மரங்கள் கறுத்தபோது செய்தார். சுவருக்கு அந்தப் பக்கம் ரம்பச் சத்தம் கேட்ட இரண்டு நாளும் விடாமல் செய்தார். ஒவ்வொரு தடவையும் அண்ணி முகத்தைத் துடைத்துவிட்டார். ஒவ்வொரு தடவையும் நான் அங்கே இருந்தேன் என்று சொல்ல முடியாது. இருந்த தடவைகளே போதும்.

முதல் பகுதியில் சொன்ன அந்த இன்னொருவர் அண்ணன்தான்.

இனி முடிவு. மூன்று எழுதினேன்.

அ) அண்ணி இதைப் படிக்கிறார். எழுந்து பின்பக்கம் போய்ச் சுவரோரம் நின்று, "அண்ணே" என்று கூப்பிடுகிறார். அந்தப் பக்கம் ஏணி சாத்துகிற சத்தம் கேட்கிறது. [இதை எழுதி முடித்தபோது என் கண்ணே கலங்கியது. அதனாலேயே சந்தேகம் வந்து வெட்டினேன். யார் அழுதால் யாருக்கு லாபம் என்று பார்த்தால், எனக்குத்தான்.]

ஆ) அண்ணி இதைப் படிக்கிறார். ஒற்றுப்பிழைகளைத் திருத்தி, கிளிப் போட்டுத் திருப்பிக் கொடுக்கிறார். சனிக்கிழமை லாரி போகிறது. [இது நடக்கக்கூடியது. எழுதவே பயமாக இருக்கிறது.]

இ) இதை நான் கொடுக்கவே—

கொடுக்கிறேன். நாளைக் காலை. முடிவு இல்லாமல்.

7

இது சனிக்கிழமை காலை, என் வீட்டில் எழுதுவது. அண்ணி இந்தப் பகுதியைப் பார்க்கவில்லை.

வியாழக்கிழமை அவர் சமையலறை மேசையில் வைத்துப் படித்தார். நான் தொட்டிப் பக்கம் திரும்பி நின்று, ஏற்கெனவே கழுவிய இரண்டு டம்ளரை மறுபடி கழுவினேன். பேனா தாளில் கீறுகிற சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. முதல் பகுதியில் இரண்டு பிழை. இரண்டாவதில் நான்கு. நான்காம் பகுதியில், "துடைக்காதவன் நான்" என்ற வரிக்குப் பக்கத்தில், தன் பழைய கேள்விக்கு விடை வந்ததற்கு அடையாளமாக, ஒரு சின்ன சரிக்குறி போட்டிருந்தார். அதைப் பிறகுதான் பார்த்தேன். ஐந்தாவதிலும் திருத்தம் இருந்தது. ஆறாவதில், "என்னங்க, மூஞ்சி தொடைக்கணுமா?" என்ற இடம்வரை சிவப்பு மை வந்திருக்கிறது. அதற்குமேல் தாள் அப்படியே இருக்கிறது.

பேனா சத்தம் நின்றது. குழாயை மூடினேன்.

"கத்தரியத்தான் சொன்னாரா?" என்றார் அண்ணி.

"ஆமா அண்ணி."

"நாலு மாசம்."

"ஆமா."

"நான் துணியை வச்சதும் கண்ணை மூடிக்குவார். இதமா இருக்கு போலன்னு நெனச்சு இன்னொரு தரம் துடைப்பேன்." அவர் குரலில் அழுகை இல்லை. ஏதோ கணக்கைச் சரிபார்க்கிற குரல். "இத்தனை வருஷம் அவரோட குடித்தனம் பண்ணியிருக்கேன். எனக்குத் தெரியலை. உனக்குத் தெரிஞ்சுது."

"அண்ணி..."

"நீ பாத்துக்கிட்டு நின்ன."

நான் நின்றேன் என்று ஏற்கெனவே எழுதிக் கொடுத்துவிட்டேன். அதை வாயால் சொல்லவைத்தார். சொன்னேன்.

பல்செட்காரரைப் பற்றி அவர் கேட்பார், மரத்தைப் பற்றிக் கேட்பார் என்று பதில்களைத் தயாராக வைத்திருந்தேன். எதையும் கேட்கவில்லை. கடைசித் தாளைத் திருப்பிப் பார்த்தார். பின்பக்கம் வெறுமையாக இருந்தது.

"முடிவு எழுதலையா?"

"உங்ககிட்ட விட்டுட்டேன் அண்ணி."

"என்கிட்டயா?" தாள்களை அடுக்கினார். கிளிப் போடவில்லை. "எழுதி முடிச்சா உனக்குப் பாரம் எறங்கிரும். அதுக்குத்தானே எழுதற? முடிக்காத. நான் போய் அவர்கிட்டப் பேசினேன்னும் எழுதாத, பேசலைன்னும் எழுதாத. அது என்னோடது. நீ இனிமே இங்க வரவேண்டாம்."

"சனிக்கிழமை அவர் போறார் அண்ணி."

"தெரியும். கெளம்பு."

தாள்களை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். கதவை அவர் சாத்தவில்லை. நான்தான் வெளியே நின்று சாத்தினேன்.

ஒன்பது மணிக்கு லாரி வரும் என்று போன வாரமே பல்செட்காரர் சொல்லியிருந்தார். இப்போது எட்டே முக்கால். இங்கிருந்து அந்தத் தெருவுக்கு இருபது நிமிடம். அண்ணி முன்கதவைத் திறந்து வைத்திருக்கிறாரா, பின்பக்கம் சுவரோரம் நிற்கிறாரா, எல்லா ஜன்னலையும் சாத்திக்கொண்டு அந்தக் கட்டிலில் உட்கார்ந்திருக்கிறாரா, எனக்குத் தெரியாது. தெரிந்தாலும் எழுத எனக்கு உரிமை இல்லை. நீங்கள் வேண்டுமானால் எழுதிக்கொள்ளுங்கள், வாசகரே. என்னிடம் மட்டும் காட்டாதீர்கள்.